ஈயம் தோண்டியவர்கள் வைத்த லைப்ரரி!

முதல்ல ஒரு குட்டி டெஸ்ட். பயப்படாதீங்க, இன்டர்னல் மார்க் எல்லாம் கிடையாது. பத்து ஃபேக்டோரியல் எவ்வளவு? கால்குலேட்டரைத் தட்டினால் 36,28,800 என்று சொல்லிடும். சரி, ஆயிரம் ஃபேக்டோரியல்? 'எரர்' என்று முறைக்கும். அங்கேதான் நம்ம ப்ராபபிலிட்டி புத்தகத்தில் ஒரு மூலையில் அப்பாவியாக உட்கார்ந்திருக்கும் ஸ்டிர்லிங் ஃபார்முலா கைகொடுக்கும். அதில் பத்தைப் போட்டுப் பாருங்க. 35,98,696 என்று வரும். ஒரு சதவிகிதம்கூடப் பிசகவில்லை! எண் பெரிசாக ஆக, அந்தப் பிசகும் தேய்ந்துகொண்டே போகும்.

எக்ஸாமுக்கு முந்தின ராத்திரி இதை மனப்பாடம் பண்ணிட்டு, மறுநாள் மத்தியானமே மறந்துபோன கோடிக்கணக்கான பேரில் நானும் ஒருத்தன். ஆனா, யார் இந்த ஸ்டிர்லிங் என்று ஒரு நாள் தேடப்போய், அந்த ஆள் என்னைக் கொண்டுபோய் விட்ட இடம் ஒரு மலைக் கிராமம். ஸ்காட்லாந்தின் தெற்கில், க்ளாஸ்கோவிலிருந்து 75 கிலோமீட்டர் போல. பெயர் லெட்ஹில்ஸ். தமிழில் சொன்னால் ஈய மலை. ஊருக்குப் பெயர் வைக்க ரொம்ப யோசிக்கலை போல!

இந்த ஊரில் மொத்தம் சில நூறு பேர்தான். ஆனா இங்கேதான், 1741ல், நிலத்துக்கடியில் ஈயம் வெட்டிக்கொண்டிருந்த கூலித் தொழிலாளிகள் கைக்காசைப் போட்டு ஒரு லைப்ரரி ஆரம்பித்தார்கள். படிக்கிறவர்களே சந்தா கட்டி, படிக்கிறவர்களே சொந்தமாக வைத்துக்கொண்ட லைப்ரரிகளில் பிரிட்டனிலேயே முதலாவது அது. பிரபு வைத்ததில்லை, பல்கலைக்கழகம் வைத்ததில்லை. பாறை உடைக்கிறவன் வைத்தது. அந்தக் கதையைத்தான் இந்த வாரம் உங்ககிட்ட சொல்லப்போறேன்.

தங்கம் முதலில்... ஈயம்தான் கடைசிவரை!

லவ்தர் மலைத்தொடரில், கடல் மட்டத்திலிருந்து சுமார் 1,300 அடி உயரத்தில் இருக்கிறது லெட்ஹில்ஸ். நம்ம கொடைக்கானலை நினைத்தால் '1,300 அடி ஒரு உயரமா' என்று சிரிப்பு வரும். அவசரப்படாதீங்க. அந்த அட்சரேகையில் 1,300 அடி என்றால் மரம் வளர யோசிக்கும், தானியம் விளைய மறுக்கும், பனி விழுந்தால் பாதை மறைந்துபோகும். இரண்டு கிலோமீட்டர் தள்ளி இன்னும் மேலே, 1,531 அடியில், வான்லாக்ஹெட் என்று ஒரு கூடப்பிறந்த ஊர். ஸ்காட்லாந்திலேயே உயரமான கிராமம் அதுதான். லெட்ஹில்ஸுக்கு இரண்டாவது இடம். ஒரே மலை, ஒரே ஈயம், இரண்டு முதலாளிகள். லெட்ஹில்ஸின் நிலம் ஹோப் குடும்பத்துக்கு. இவங்கதான் பின்னாளில் ஹோப்டன் பிரபுக்கள் ஆனார்கள். வான்லாக்ஹெட் குவீன்ஸ்பெரி, அப்புறம் பக்ளூ டியூக்குகளுக்கு.

இந்த மலை ஓடைகளில் தங்கமும் உண்டு. பதினாறாம் நூற்றாண்டில் ராஜாக்களே ஆள் வைத்துச் சலித்திருக்கிறார்கள். 1540ல் ஸ்காட்லாந்து மன்னர் ஐந்தாம் ஜேம்ஸின் கிரீடத்தைத் திருத்திச் செய்தபோது, இந்த வட்டாரத்துத் தங்கம்தான் போனது. அந்தக் கிரீடம் எடின்பரோ கோட்டையில் இன்றைக்கும் இருக்கு. இப்பவும் பெர்மிட் வாங்கிக்கொண்டு தட்டோடு ஓடையில் இறங்கி மணலைச் சலிக்கிறவர்கள் உண்டு. ஆனா தங்கம் ஊருக்குச் சோறு போடலை. போட்டது ஈயம்தான். 1638ல் ஜேம்ஸ் ஹோப் என்கிற வக்கீல், சுரங்கத்தின் வாரிசான பெண்ணைக் கல்யாணம் பண்ணிக்கொண்டார். மாப்பிள்ளைக்குச் சீதனமாக வந்தது ஒரு மலை! அடுத்த இருநூற்றுத் தொண்ணூறு வருஷத்துக்கு அங்கே ஈயம் வெட்டினார்கள். வீட்டுக் கூரை, தண்ணிக் குழாய், பெயின்ட், துப்பாக்கிக் குண்டு... அந்தக் காலத்தில் ஈயம் இல்லாத இடம் எது?

ஆய்லரையே காக்க வைத்தவர்

இப்ப நம்ம ஸ்டிர்லிங்கிடம் வருவோம். 1692ல் பிறந்தவர். ஆக்ஸ்ஃபோர்டில் படித்தார். ஆனா டிகிரி வாங்கலை. அரியர் எல்லாம் இல்லைங்க, அரசியல்! அப்போதிருந்த அரசருக்கு விசுவாசப் பிரமாணம் எடுக்க மாட்டேன் என்று விட்டார். வெனிஸுக்குப் போய்ச் சில வருஷம் இருந்தார். லண்டனில் கணக்கு வாத்தியாராக இருந்தார். நியூட்டனுக்கு வேண்டியவர். 1726ல் ராயல் சொசைட்டி மெம்பர். 1730ல் அந்தப் பிரபலமான புத்தகம். (நியாயமாகச் சொன்னால், ஃபார்முலாவின் உருவத்தை டி மாய்வர் ஏற்கெனவே பிடித்துவிட்டார். அதில் வருகிற மாறிலி 'இரண்டு பை'யின் வர்க்கமூலம் என்று கண்டுபிடித்ததுதான் ஸ்டிர்லிங். பேர் மட்டும் முழுசா இவருக்கு!)

கணிதத்தில் ஐரோப்பாவே திரும்பிப் பார்த்த அந்த நேரத்தில், 1730களின் நடுவில், 'ஸ்காட்ஸ் மைனிங் கம்பெனி'யின் மேனேஜராக லெட்ஹில்ஸுக்குக் கிளம்பிவிட்டார். சோறு முக்கியம் பாஸ்! 1736ல் லியோனார்ட் ஆய்லர், ஆமாம், நம்ம செமஸ்டர் பூரா வருகிற அதே ஆய்லர்தான், இவருக்கு ஒரு கடிதம் எழுதினார். ஸ்டிர்லிங் பதில் போட்டது 1738 ஏப்ரலில். கிட்டத்தட்ட இரண்டு வருஷம்! சுரங்க வேலை அப்படி ஆளை முழுங்கியிருந்தது. சாகும்வரை, 1770 வரை, அந்த வேலையை விடவில்லை. கணிதத்துக்கு அது நஷ்டம். சுரங்கத்துக்கு? ஓடைத் தண்ணீர் கீழே விழும் வேகத்தை வைத்தே உலைக்குக் காற்றடிக்கும் ஒரு மெஷினைப் பற்றி 1745ல் ராயல் சொசைட்டியில் கட்டுரை வெளியிட்டார். பாதி கணிதமேதை, பாதி பிளான்ட் இன்ஜினீயர்.

அவர் காலத்தில் லெட்ஹில்ஸில் நடந்த இன்னொரு விஷயத்தைக் கேட்டால் நம்ப மாட்டீங்க. சுரங்கத்துக்குள் ஒரு ஷிஃப்ட் ஆறு மணி நேரம்தான். பதினெட்டாம் நூற்றாண்டில்! தொழிலாளி மலைச்சரிவில் தனக்கென வீடு கட்டிக்கொள்ளலாம். பக்கத்தில் தரிசைத் திருத்தி உருளைக்கிழங்கோ, மாட்டுக்குப் புல்லோ போட்டுக்கொள்ளலாம். டாக்டர் உண்டு, ஸ்கூல் உண்டு.

மேனேஜர் ரொம்ப நல்லவர் என்று உடனே மாலை போட்டுடாதீங்க. நல்லவராக இருந்திருக்கலாம். ஆனா பின்னணியைப் பாருங்க. அதே ஸ்காட்லாந்தில், அதே காலத்தில், நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி சட்டப்படி கிட்டத்தட்ட கொத்தடிமை. 1606ல் போட்ட சட்டம். சுரங்கத்தை விற்றால் அவனும் சேர்ந்து கைமாறுவான். அது முழுசாக நீங்கியது 1799ல்தான். ஈயத் தொழிலாளிக்கு அந்தச் சங்கிலி கிடையாது. பிடிக்கலைன்னா மூட்டையைக் கட்டிக்கொண்டு கிளம்பிடலாம். பயிரே விளையாத 1,300 அடி குளிரில் அப்படிப்பட்ட ஆளைத் தக்கவைக்க என்ன வழி? ஏதாவது கொடுத்துத்தான் ஆகணும். கருணையும் கணக்கும் கைகோத்து நடந்தது என்பதுதான் என் தியரி.

மில் புகை

வேலை எப்படி? மாதச் சம்பளம் எல்லாம் இல்லை. சில பேர் ஒரு கூட்டாகச் சேர்ந்து, 'இந்த இடத்தில் இவ்வளவு தோண்டுகிறோம், இவ்வளவு கொடு' என்று கம்பெனியோடு பேசி முடிப்பார்கள். அதுக்குப் பேரே 'பார்கெய்ன்'. கம்பெனி அதை ஒரு நோட்டில் எழுதிவைக்கும். கணக்குத் தீர்ப்பது பல மாதங்கள் கழித்துத்தான். அதுவரை சாப்பாட்டுக்கு? கடன். நரம்பு மாதிரி ஓடுகிற தாது நல்லபடியாகக் கிடைத்தால் கையில் காசு. வெறும் பாறை வந்தால் அடுத்த வருஷத்துக்கும் கடன். கிட்டத்தட்ட மானாவாரி விவசாயம்தான், மழைக்குப் பதில் ஈயம்!

வெட்டியதை மேலே கொண்டுவந்து உடைப்பது, கழுவுவது எல்லாம் பெரும்பாலும் பையன்கள். ஓடைத் தண்ணீரில், அந்தக் குளிரில். அப்புறம் உலை. அங்கேதான் எமன் உட்கார்ந்திருந்தான். தாதுவை உருக்கும்போது வரும் புகையை ஊர்க்காரர்கள் 'மில் ரீக்' என்றார்கள். 'ரீக்' என்றால் அவங்க பேச்சுவழக்கில் புகை. காலப்போக்கில் அந்தப் புகையால் வருகிற நோய்க்கும் அதே பேர் ஒட்டிக்கொண்டது. வயிற்றைச் சுருட்டிப் பிடிக்கும் வலி, கை கால் விளங்காமல் போவது, புத்தி பேதலிப்பது... இன்றைக்கு டாக்டர்கள் 'லெட் பாய்சனிங்' என்று ஒரே வார்த்தையில் சொல்வதுதான். புகை படிந்த புல்லை மேய்ந்த மாடும் ஆடும்கூடச் செத்தன. 1750களிலேயே லெட்ஹில்ஸின் இந்த நோயைப் பற்றி எடின்பரோவில் மருத்துவக் கட்டுரை வந்துவிட்டது. அப்புறமும் நூறு வருஷத்துக்கு மேல் உலை எரிந்தது.

1816ல் இந்த ஊருக்குச் சுரங்க டாக்டராக வந்தார் ஒரு இருபத்தொரு வயசுப் பையன். நம்ம செட்! அடுத்த வருஷம் மார்ச் 1ம் தேதி சுரங்கத்துக்குள் பரவிய நச்சுப் புகையில் தொழிலாளர்கள் மூச்சுத் திணறி இறந்தார்கள். அதைப் பற்றி ஒரு பத்திரிகையில் எழுதியதும் அவர்தான். பேர் ஜேம்ஸ் பிரெய்ட். பின்னாளில் மான்செஸ்டருக்குப் போய், 'ஹிப்னாட்டிசம்' என்கிற வார்த்தையை உலகத்தில் பரப்பியவர் இவரேதான்.

21 பேர் ப்ளஸ் 2

1741 நவம்பர் 23. லெட்ஹில்ஸில் 23 பேர் சேர்ந்து ஒரு 'ரீடிங் சொசைட்டி' தொடங்குகிறார்கள். அதில் ஒருத்தர் பாதிரியார், ஒருத்தர் பள்ளிக்கூட வாத்தியார். மீதி 21 பேரும் சுரங்கத் தொழிலாளிகள்.

கூட்டிக் கழித்துப் பாருங்க. அந்த லிஸ்டில் மேனேஜருக்கு இடமே இல்லை! ஸ்டிர்லிங்தான் லைப்ரரியை வைத்துக்கொடுத்தார் என்று எழுதுபவர்கள் உண்டு. ஊக்கம் கொடுத்திருப்பார், ஆறு மணி நேர ஷிஃப்ட் கொடுத்த நேரமும் உதவியிருக்கும், அதை நான் மறுக்கலை. ஆனா நுழைவுக் கட்டணமும் வருஷச் சந்தாவும் கட்டியது யார்? எந்தப் புத்தகம் வாங்கலாம் என்று முடிவு செய்தது யார்? நிர்வாகிகளை ஓட்டுப் போட்டு எடுத்தது யார்? எல்லாம் மெம்பர்கள்தான். பிரிட்டனில் அந்த ஆள்களில் ஒருத்தருக்கும் பார்லிமென்டுக்கு ஓட்டுப் போடும் உரிமை இல்லாத காலம் அது. லைப்ரரிக்குள் மட்டும் இருந்தது.

'சரி, ஓசியில படிக்கிற லைப்ரரி இதுக்கு முன்னாடி இல்லையா?' என்று கேட்பீங்க. பல்கலைக்கழகங்களில் இருந்தது, பிரபுக்கள் வீட்டில் இருந்தது. வாடகைக்குப் புத்தகம் கொடுக்கும் கடையும் வந்துவிட்டது. அதிலும் லெட்ஹில்ஸுக்கு ஒரு பங்கு உண்டு. இதே ஊரில் 1680களில், சுரங்க மேற்பார்வையாளர் ஒருவரின் மகனாகப் பிறந்த ஆலன் ராம்சே, எடின்பரோவுக்குப் போய் டோப்பா செய்யும் தொழில் கற்று, கவிஞராகி, புத்தகக் கடை வைத்து, 1725ல் அங்கிருந்து புத்தகங்களை வாடகைக்கு விட ஆரம்பித்தார். ஆனா அது கடை. காசு கொடுத்தால் படிக்கலாம், அவ்வளவுதான். லெட்ஹில்ஸில் புத்தகமே படிக்கிறவனுடையது. இந்த வித்தியாசம் சின்னதில்லை. (பின்னாளில் ஊர்க்காரர்கள் அந்த லைப்ரரிக்கே ராம்சேயின் பெயரைச் சூட்டியது தனிக் கதை. தொழிலாளி வைத்த லைப்ரரிக்குக் கவிஞர் பெயர்! நம்மூர் பஸ் ஸ்டாண்டு நினைப்பு வருதா?)

என்ன படித்தார்கள்? முதலில் நிறைய பிரசங்கத் தொகுப்புகள். கூடவே சரித்திரம், பயணக் கதைகள், கணிதம், அறிவியல். நாவல்கள் மெதுவாகத்தான் உள்ளே வந்தன. புத்தகம் திரும்பி வந்தால் அழுக்கு, கிழிசல் உண்டா என்று பார்க்க மெம்பர்களிலிருந்தே இன்ஸ்பெக்டர்கள். நாளெல்லாம் ஈயச் சேற்றில் புரண்ட கை, ராத்திரி வந்து மெழுகுவத்தி வெளிச்சத்தில் பக்கம் புரட்டுகிறது என்று யோசித்துப் பாருங்க. அந்த இன்ஸ்பெக்டர் எதற்கு என்று புரியும்.

பார்த்துக்கொண்டே இருந்த வான்லாக்ஹெட்காரர்களுக்குப் பொறுக்குமா? 1756ல் 32 பேர் சேர்ந்து அவங்களும் ஒன்று ஆரம்பித்துவிட்டார்கள். பக்கத்து ஊர் கோயில் கோபுரத்தைவிட நம்ம கோபுரம் ஒரு அடி உசரம் என்கிற அதே ரோஷம். வாழ்க ரோஷம்!

இதனால் என்ன ஆச்சு? ஒரு சாட்சி சொல்றேன். 1803 ஆகஸ்டில் கவிஞர் வேர்ட்ஸ்வொர்த், அவர் தங்கை டோரதி, நண்பர் கோல்ரிட்ஜ் மூணு பேரும் ஒரு குதிரை வண்டியில் இந்தப் பக்கம் வந்தார்கள். வழியில் சில பையன்கள். காலில் செருப்பு கிடையாது, தொப்பியைச் சுற்றிக் காட்டுப்பூ, ஒருத்தன் கையில் தூண்டில். எந்த ஊருப்பா? வான்லாக்ஹெட். ஸ்கூலுக்குப் போறீங்களா? போறோம். என்ன படிக்கிறீங்க? லத்தீனில் விர்ஜில் படிக்கிறோம், கொஞ்சம் கிரேக்கத்தில் ஹோமரும் உண்டு! அசந்துபோன கோல்ரிட்ஜ் மேலே ஏதோ கேட்க ஆரம்பித்ததும், பசங்க எடுத்தார்கள் ஓட்டம். பரீட்சை வைத்துவிடுவாரோ என்று பயந்துவிட்டார்கள் போல என்று டோரதி தன் பயணக் குறிப்பில் எழுதியிருக்கிறார். வைவா என்றால் ஓடுவது இருநூறு வருஷத்துப் பாரம்பரியம் மக்களே! நம்மை யாரும் குறை சொல்லக் கூடாது.

வான்லாக்ஹெட்டுக்கு ராபர்ட் பர்ன்ஸும் வந்திருக்கிறார். 1789 குளிர்காலம். பனியில் குதிரை வழுக்குகிறது, லாடத்தில் கூர் வைக்கணும், கொல்லருக்கோ நேரமில்லை. அங்கேயே கவிதை ஒன்று எழுதி அனுப்பிக் காரியத்தைச் சாதித்துக்கொண்டார். கவிதைக்கு இப்படி ஒரு யூஸ் இருக்கு, நோட் பண்ணிக்குங்க.

படகுக்கு இன்ஜின் பூட்டிய பையன்

1760களில் லெட்ஹில்ஸில் ஒரு சுரங்க மெக்கானிக் வீட்டில் பிறந்தார் வில்லியம் சிமிங்டன். வீட்டில் அவரைப் பாதிரியாராக்க ஆசைப்பட்டார்கள். பையனுக்கோ நெருப்பும் நீராவியும்தான். வான்லாக்ஹெட் சுரங்கத்தில் நீர் இறைக்க ஜேம்ஸ் வாட்டின் இன்ஜின் வந்தபோது, அதை நிறுத்தும் வேலையில் இருந்த அண்ணன் ஜார்ஜுடன் சேர்ந்துகொண்டார். 1787ல் சொந்தமாக ஒரு இன்ஜினுக்குப் பேட்டன்ட். 1788 அக்டோபர் 14ம் தேதி, டம்ஃப்ரீஸ் பக்கத்து டால்ஸ்வின்டன் ஏரியில், 25 அடி நீள இரட்டைப் படகு ஒன்று துடுப்பும் இல்லாமல், பாயும் இல்லாமல் தானாக நகர்ந்தது. உள்ளே புகைந்துகொண்டிருந்தது சிமிங்டனின் இன்ஜின். அந்த இன்ஜின் லண்டன் சயின்ஸ் மியூசியத்துக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது.

1803 மார்ச்சில் அடுத்த அதிரடி. 'சார்லட் டண்டாஸ்' என்கிற அவருடைய நீராவிப் படகு, 70 டன் சரக்குப் படகுகள் இரண்டைக் கட்டி இழுத்துக்கொண்டு, ஃபோர்த் - க்ளைட் கால்வாயில் 30 கிலோமீட்டர் போல எதிர்க்காற்றில் போனது. ஒன்பதேகால் மணி நேரம். ஜெயிச்சாச்சு இல்லையா? இல்லை! அலை எழும்பி கால்வாய்க் கரை அரிக்கும் என்று கம்பெனி மறுத்துவிட்டது. இதே மாதிரி படகுகளுக்கு ஆர்டர் கொடுப்பதாக இருந்த பிரிட்ஜ்வாட்டர் டியூக் அதே மாதம் இறந்துபோனார். நாலு வருஷம் கழித்து அமெரிக்காவில் ஃபுல்டன் நீராவிப் படகு விட்டார், 1812ல் க்ளைட் ஆற்றில் ஹென்றி பெல் விட்டார். பேரும் புகழும் அவங்களுக்கு. சிமிங்டன் 1831ல் லண்டனில் வறுமையில் செத்துப்போனார். ஊர்க்காரர்கள் மட்டும் மறக்கலை. லெட்ஹில்ஸ் கல்லறைத் தோட்டத்துக்குப் பக்கத்தில் அவருக்கு ஒரு கல் தூண் நிற்கிறது.

அந்தக் கல்லறைத் தோட்டத்தில் இன்னொரு கல்லையும் தேடிப் பாருங்க. ஜான் டெய்லர், சுரங்கத் தொழிலாளி, இறந்தபோது வயது 137 என்று செதுக்கியிருக்கும்! பிறந்த சர்ட்டிஃபிகேட் கிடையாது. 1652ல் வந்த சூரிய கிரகணத்தின்போது தான் சுரங்கத்தில் வேலையில் இருந்ததாக அவர் சொன்னதை வைத்துப் போட்ட கணக்கு. எனக்கு நம்பிக்கை இல்லை. ஆனா ஈயப் புகையைத் தாண்டி தொண்ணூறு வயசு இருந்திருந்தாலே அவர் கின்னஸ்தான்.

மெக்கானிக்கல் மக்களுக்கு மட்டும் ஒரு எக்ஸ்ட்ரா. வான்லாக்ஹெட்டில் ஸ்ட்ரெய்ட்ஸ்டெப்ஸ் என்கிற இடத்தில், திறந்த வெளியில் ஒரு பெரிய மர உத்தரம் கல் தூணின்மேல் குறுக்கே கிடக்கும். பார்த்தால் நம்மூர் ஏற்றம் மாதிரியே இருக்கும். ஒரு முனையில் ஒரு பெரிய தொட்டி, மறுமுனையில் சுரங்கத்துக்குள் இறங்கும் பம்ப் தண்டு. ஓடைத் தண்ணீர் தொட்டியில் நிறையும், பாரம் தாங்காமல் அந்த முனை இறங்கும், மறுமுனை பம்ப்பைத் தூக்கும். கீழே வந்ததும் தொட்டி காலியாகும், தண்டின் பாரம் மறுபடி கீழே இழுக்கும். மலையிலிருந்து வரும் நீர், மலைக்குள் இருக்கும் நீரை இறைக்கிறது. நிலக்கரி செலவு பூஜ்யம்! பத்தொன்பதாம் நூற்றாண்டில் வந்து, இருபதாம் நூற்றாண்டின் தொடக்கம்வரை தலையாட்டிக்கொண்டு இருந்தது. இந்த ரக இன்ஜின்களில் பிரிட்டனில் அதே இடத்தில் மிச்சமிருப்பது இது ஒன்றுதான்.

மிச்சம் என்ன?

லெட்ஹில்ஸ் சுரங்கம் 1920களின் கடைசியில் மூடிவிட்டது. வான்லாக்ஹெட் 1934ல். ஐம்பதுகளில் கொஞ்ச நாள் திறந்து பார்த்தார்கள், கட்டுப்படியாகலை. ஈயம் ஏற்றிப்போக 1901ல் வந்த ரயில், கிட்டத்தட்ட 1,500 அடி உயரத்துக்கு ஏறிய ரயில், 1938ன் முடிவோடு நின்றுபோனது. வேலை போனால் ஆள் போவான். ஆயிரம் பேருக்குமேல் இருந்த ஊர் சில நூறு பேராகச் சுருங்கியது. ஈயத்தால் வந்த பணம் எங்கே போனது என்று தேடினால், எடின்பரோவுக்கு வெளியே ஹோப்டன் மாளிகை பளபளவென்று நிற்கிறது. ஊரில் மிச்சம் ஈயக் கழிவு மேடுகள். சில மேடுகளில் இன்னும் புல் சரியாக முளைக்கலை.

படிக்க ஆளில்லாமல் லைப்ரரியும் ஒரு கட்டத்தில் தூங்கிப்போனது. அப்படியே விட்டிருந்தால் ஈரத்தில் புத்தகம் எல்லாம் கூழாகியிருக்கும். 1970களில் கட்டடத்தைச் சரிசெய்து மறுபடி திறந்தார்கள். வான்லாக்ஹெட்டில் 1974ல் ஈயச் சுரங்க மியூசியம் வந்தது. அங்கே பழைய லாக்னெல் சுரங்கத்துக்குள் ஹெல்மெட் போட்டுக்கொண்டு நடக்கலாம், ஊர்க்காரர்களின் பழைய லைப்ரரியையும் பார்க்கலாம். நின்றுபோன ரயில் பாதையில் ஒரு பகுதியில், இரண்டடி அகலத் தண்டவாளம் போட்டு, தன்னார்வலர்களே ஒரு குட்டி ரயில் ஓட்டுகிறார்கள்.

லெட்ஹில்ஸ் லைப்ரரி அலமாரிகளில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட பழைய புத்தகங்கள். அதோடு, ஆரம்பத்தில் சொன்னேனே 'பார்கெய்ன்' நோட்டு, அவையும் அங்கேதான் இருக்கு. எந்த வருஷம், எந்தக் கூட்டு, எந்தச் சுரங்கத்தில், எவ்வளவு ஆழம், என்ன கூலி. கம்பெனி தன் கணக்குக்காக எழுதியது. இன்றைக்கு அந்தப் பேர்களைத் தேடி வருவது கம்பெனி இல்லை. கனடாவுக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் போன பேரன்களின் பேரன்கள்தான் பூர்வீகம் தேடி வருகிறார்கள். ஆண்டையின் மாளிகையில் தொழிலாளியின் பேர் இருக்காது. தொழிலாளி கட்டிய லைப்ரரியில்தான் இருக்கு.

ஊரின் நடுவில் ஒரு மணியும் உண்டு. 1770ல் வார்த்தது. ஷிஃப்ட் மாறும்போது அடிப்பார்கள், விபத்து என்றால் அடிப்பார்கள், பனியில் வழி தவறியவருக்குத் திசை தெரிய அடிப்பார்கள்.

என்றைக்காவது ஸ்காட்லாந்தில் மேல்படிப்போ, ஆன்சைட்டோ அமைந்து அந்தப் பக்கம் போனீங்கன்னா, லெட்ஹில்ஸுக்குக் கோடையில் போங்க, அதுவும் சனி, ஞாயிறு பார்த்துப் போங்க. லைப்ரரி திறப்பது அப்போதுதான். கதவைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பவர் சம்பளம் வாங்காத தன்னார்வலர். அவரிடம் ஸ்டிர்லிங்கைப் பற்றிக் கேளுங்க. ஃபார்முலாவை மட்டும் அவர் திருப்பிக் கேட்டுவிட்டால்... வான்லாக்ஹெட் பசங்க ஓடிய பாதை பக்கத்தில்தான் இருக்கு!